பந்தைத் தொடாத ஆட்டக்காரரைப் பின்தொடர்வது எப்படி

அமெரிக்கக் கால்பந்து பார்க்க உட்கார்ந்தால் முதல் வேலை பந்தை மறப்பது. கேமரா பந்தைத்தான் காட்டும். வர்ணனையாளரும் பந்தைப் பற்றித்தான் பேசுவார். பக்கத்தில் சோபாவில் என் மாமனார் "பந்து எங்கேம்மா?" என்று கேட்டபடி இருப்பார். விடுங்கள். ஒவ்வொரு முறையும் ஆட்டம் தொடங்குமுன் நடுவில் ஐந்து பெரிய ஆட்கள் வரிசையாகக் குனிந்து நிற்பார்கள். அவர்களில் இடது ஓரத்தில் இருப்பவர் மேல் கண்ணை வையுங்கள். அந்த ஒருவரை மட்டும் ஒரு முழு ஆட்டம் பார்த்தால் போதும், மற்றதெல்லாம் தானாகப் புரியும்.

நான் பிசியோதெரபிஸ்ட். கோவையில் படித்து, கல்யாணமாகி தென்னாப்பிரிக்காவின் டர்பனுக்கு வந்தவள். சாட்ஸ்வொர்த்தில் சின்னதாக ஒரு கிளினிக் வைத்திருக்கிறேன். சனிக்கிழமை காலையில் பள்ளி ரக்பி மைதானங்களில் பையன்களின் கணுக்காலுக்கு டேப் சுற்றப் போவேன். எங்கள் எதிர் வீட்டில் ஒரு நைஜீரியக் குடும்பம். அந்த ஆன்ட்டியின் தங்கை ஹூஸ்டனில் இருக்கிறார், அங்கே பிறந்து வளர்ந்த பிள்ளைகள் எல்லாம் இந்த ஆட்டத்தின் பைத்தியங்கள். அந்த வழியாகத்தான் இது எங்கள் தெருவுக்கு வந்து சேர்ந்தது. நைஜீரியாவிலிருந்து குடியேறிய வீடுகளில் பிறந்து லைன்மேன் ஆனவர்களை (மின்கம்பம் ஏறுகிறவர் இல்லை, மேலே சொன்னபடி வரிசையில் குனிந்து நிற்கிற பெரிய ஆட்கள்) எப்படிப் பார்ப்பது, அவர்களுடைய ஆட்ட வாழ்க்கையை எப்படிப் படிப்பது என்று என்னிடம் கேட்கிறவர்களுக்கு வாயால் சொல்லிவந்ததை இங்கே எழுதி வைக்கிறேன்.

ரக்பி தெரிந்தால் பாதி தெரிந்த மாதிரி

டர்பன்காரர்களுக்கு இதில் ஒரு வசதி இருக்கிறது. கிங்ஸ் பார்க் மைதானத்தில் "பீஸ்ஸ்ட்!" என்று எழும் கூச்சலைக் கேட்டு வளர்ந்தவர்களுக்கு ப்ராப் என்றால், அதாவது ரக்பியில் முன்வரிசையில் முட்டித் தள்ளுகிறவர், யார் என்று விளக்க வேண்டாம். அந்தப் பட்டப்பெயருக்குச் சொந்தக்காரர் டெண்டாய் முட்டவாரிரா, ஜிம்பாப்வேயிலிருந்து வந்தவர். ஷார்க்ஸ் அணியின் ப்ராப், தென்னாப்பிரிக்க தேசிய அணியான ஸ்பிரிங்பாக்ஸுக்கு 117 டெஸ்ட் ஆடினார், 2019இல் யோகோஹாமாவில் இங்கிலாந்தை 32–12 என்று வென்ற உலகக் கோப்பை இறுதியாட்டத்தோடு சர்வதேச ரக்பியிலிருந்து விலகினார். அவருடைய குடியுரிமையை 2010இல் கிளறினார்களே, ஞாபகம் இருக்கிறதா? முன்வரிசையில் நின்று கழுத்தைக் கொடுக்கிற வேலைக்கு வெளியூர்க்காரர் வேண்டும், கடவுச்சீட்டு என்று வரும்போது மட்டும் கேள்வி எழும். குடியேறியவர் வீட்டுப் பிள்ளை முன்வரிசையில் நிற்பதை இந்த ஊர் அப்போதே பார்த்துவிட்டது.

ஆனால் ரக்பிக் கண்ணோடு பார்த்தால் ஒரு இடத்தில் குழப்பம் வரும். ரக்பியில் பந்து கையில் இல்லாதவரை மறித்தால் தவறு, உடனே விசில். அமெரிக்கக் கால்பந்தில் லைன்மேனுக்கு அதுதான் சம்பளமே. எதிரணி ஆள் தன் அணியின் குவார்ட்டர்பேக்கை (பந்தை எறிகிறவரை) நெருங்காமல் மறிக்க வேண்டும். தள்ளலாம், குத்துவது போல உள்ளங்கையால் மார்பில் அடிக்கலாம், ஆனால் பிடித்து இழுக்கக் கூடாது. பிடித்தால் ‘ஹோல்டிங்’, பத்து கஜம் பின்னால் போக வேண்டும். பந்து நகருமுன் அசைந்தால் ஐந்து கஜம்.

ஐந்து பேருக்கும் இடப் பெயர் உண்டு. நடுவில் சென்டர், அவருக்கு இரண்டு பக்கமும் கார்டு, அதற்கும் வெளியே டேக்கிள். 50 முதல் 79 வரையான எண்கள் இவர்களுக்கு. அந்த எண்ணை அணிந்தவர் நடுவரிடம் முன்கூட்டியே சொல்லாமல் பாஸ் பிடிக்க முடியாது. வலது கைப் பழக்கமுள்ள குவார்ட்டர்பேக் எறியத் திரும்பும்போது அவருடைய முதுகு இடது பக்கத்துக்கு இருக்கும். அந்த முதுகைக் காப்பவர் இடது டேக்கிள். அதனால்தான் அவரிடமிருந்து தொடங்கச் சொன்னேன்.

எப்போது பார்ப்பது

இங்கே இஎஸ்பிஎன்னில் சில ஆட்டங்கள் வருகின்றன, இணையத்தில் டாசன் வழியாகச் சந்தா கட்டியும் பார்க்கலாம். செப்டம்பர், அக்டோபரில் ஞாயிறு முதல் ஆட்டங்கள் நம் கணக்கில் மாலை 7 மணிக்கு. நவம்பர் முதல் ஞாயிறு அமெரிக்காவில் கடிகாரத்தை மாற்றுவார்கள், அதன் பிறகு 8 மணி. அடுத்த சுற்று 10.25 அல்லது 11.25. மூன்றாவது ஆட்டம் விடிகாலை 2.20 அல்லது 3.20 என்று போகும், திங்கட்கிழமை வேலைக்குப் போகிறவர் அதைத் தொடாதீர்கள். சீசனின் இறுதியாட்டமான சூப்பர் பவுல் பிப்ரவரியில் திங்கள் அதிகாலை ஒன்றரைக்கு. அதற்கு மட்டும் எங்கள் வீட்டில் விழித்திருப்போம். மட்டன் பன்னி (ரொட்டியைக் குடைந்து குழம்பு ஊற்றித் தருவது) வாங்கி வைத்து, எதிர் வீட்டு ஆன்ட்டி ஜோலாஃப் சோறு கொண்டுவருவார்.

நேரலையைவிடப் பதிவு செய்த ஆட்டமே நல்லது என்பேன். நிறுத்தி நிறுத்திப் பார்க்கலாம். லைன்மேனைப் பார்க்க அது அவசியம், ஏனென்றால் அவருடைய வேலை பெரும்பாலும் மூன்று வினாடிக்குள் முடிந்துவிடும்.

முதல் அடி

பந்தை சென்டர் பின்னால் கொடுக்கும் அந்தக் கணத்தில் படத்தை நிறுத்துங்கள். பிறகு மெல்ல ஓட்டுங்கள். இடது டேக்கிளின் முதல் அடி எந்தப் பக்கம் போகிறது? முன்னால் போனால் பெரும்பாலும் ஓட்டம், அதாவது பந்தைக் கையில் வைத்துக்கொண்டு ஓடப்போகிறார்கள். பின்னால் போனால் பாஸ். காரணம் எளிது: பாஸ் எறியும்போது லைன்மேன் முன்னால் ஒரு கஜத்துக்கு மேல் போகக் கூடாது என்று விதி இருக்கிறது. இதைச் சொல்லிக்கொடுத்த பிறகு மாமா பந்தைத் தேடுவதை விட்டுவிட்டு "பின்னாலே போறான், எறியப் போறாங்க!" என்று வர்ணனையாளரை முந்திக்கொண்டு கத்த ஆரம்பித்தார்.

பாஸ் என்றால் இப்போது காலைப் பாருங்கள். வெளிக்கால் பின்னால் சறுக்கும், உள்கால் அதைத் துரத்திக்கொண்டு போகும். இரண்டு பாதமும் ஒன்றையொன்று தாண்டவே கூடாது. தாண்டிவிட்டால் எதிராளி எந்தப் பக்கம் திரும்பினாலும் இவரால் திரும்ப முடியாது. முழங்கால் மடங்கி, இடுப்பு தாழ்ந்து, முதுகு நிமிர்ந்து, பாதத்தின் உள்விளிம்பில் எடை. கபடியில் ஓரத்தில் நிற்கும் தடுப்பாளர் ரெய்டரைக் கண்ணால் அளந்துகொண்டே பின்வாங்குவாரே, கிட்டத்தட்ட அந்த நடைதான். இவருக்கு எடை மட்டும் 140 கிலோ.

அடுத்தது கை. நல்ல லைன்மேனின் இரண்டு கையும் எதிராளியின் தோள்களுக்கு உள்ளே, மார்பில் போய் விழும். கை வெளியே போய்த் தோளைப் பிடித்தால் தவறு என்று காட்ட நடுவரின் மஞ்சள் துணி பறக்க வாய்ப்பு அதிகம். நான் கிளினிக்கில் பார்க்கும் ரக்பி ப்ராப்களுக்கு வலி கழுத்திலும் கீழ்முதுகிலும். இவர்களுக்கு விரல், மணிக்கட்டு, முழங்கை, தோள். டிவியில் இவர்கள் விரல்களுக்குச் சுற்றியிருக்கும் வெள்ளை டேப்பைப் பாருங்கள். சில பேருக்கு எல்லா விரலும் டேப்புக்குள் இருக்கும்.

கடைசியாக, எதிராளி நேராக வந்து மோதும்போது இடுப்பு என்ன செய்கிறது என்று பாருங்கள். தோற்கிறவர் இடுப்பு மேலே எழும்பிவிடும், அப்புறம் கால் தரையில் வழுக்கிக்கொண்டே பின்னால் போவார். தாங்குகிறவர் ஒரு அடி பின்வாங்கி, இடுப்பை இன்னும் இறக்கி, கணுக்காலை மடக்கி நிலைப்பார். கணுக்கால் மடங்காதவரால் இடுப்பை இறக்க முடியாது. வர்ணனையாளர்கள் "பலசாலி" என்று கூவும்போது நான் பார்ப்பது அந்தக் கணுக்காலை.

யாரைத் தேர்ந்தெடுப்பது

முழு வாழ்க்கைப் பாதையையும் படிக்க, ஆடி முடித்துவிட்ட ஒருவரை முதலில் எடுத்துக்கொள்ளுங்கள். என் பரிந்துரை ரஸ்ஸல் ஓகுங். ஹூஸ்டன் பக்கத்து நைஜீரியக் குடும்பம், சிறுவயதிலேயே தந்தையை இழந்தவர். ஓக்லஹோமா ஸ்டேட் பல்கலைக்கழகத்தில் ஆடி, 2010 டிராஃப்டில் (கல்லூரி ஆட்டக்காரர்களை அணிகள் முறைவைத்து எடுக்கும் தேர்வு) ஆறாவது ஆளாக சியாட்டில் சீஹாக்ஸ் எடுத்தது. இடது டேக்கிள், எண் 76. அவருக்குத் துணையாக இளையவர் ஒருவர்: இகெம் எக்வோனு. நைஜீரியாவிலிருந்து வந்த பெற்றோர், சார்லட் நகரில் வளர்ந்தவர், 2022 டிராஃப்டில் அதே ஆறாவது இடத்தில் சொந்த ஊர் அணியான கரோலைனா பேந்தர்ஸ் எடுத்தது. எண் 79. ஓகுங் கடைசியாக 2020இல் ஆடிய அணியும் அதே பேந்தர்ஸ். இரண்டு பேரையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் படித்தால் பத்தாண்டு இடைவெளியில் இந்தத் தொழில் எப்படி மாறியது என்று தெரியும்.

பணத்தில் தொடங்குங்கள், அதில்தான் மாற்றம் பளிச்சென்று தெரிகிறது. 2010இல் ஆறாவதாக வந்த ஓகுங்குக்கு ஆறாண்டு ஒப்பந்தம், சுமார் 48 மில்லியன் டாலர். 2022இல் அதே ஆறாவது இடத்துக்கு எக்வோனு பெற்றது நான்காண்டு, 27 மில்லியனுக்குச் சற்று மேல். பன்னிரண்டு வருடத்தில் விலைவாசி ஏற, இது மட்டும் இறங்கியது எப்படி? 2011இல் அணி முதலாளிகளும் ஆட்டக்காரர் சங்கமும் போட்ட ஒப்பந்தத்தில் புதிதாக வருகிறவர்களின் சம்பளத்துக்கு உச்சவரம்பு கட்டிவிட்டார்கள். அதனால் இப்போது வருகிற பையனுக்கு உண்மையான பணம் இரண்டாவது ஒப்பந்தத்தில்தான். அதுவரை உடம்பு தாங்க வேண்டும்.

செய்தித் தலைப்பில் வரும் தொகையை நம்பாதீர்கள். என்எஃப்எல்லில், அதாவது இந்த ஆட்டத்தின் தொழில்முறை லீக்கில், ஒப்பந்தத் தொகை முழுதும் உறுதியானது கிடையாது. ‘கேரண்டி’ என்று எவ்வளவு எழுதியிருக்கிறது என்று தேடுங்கள், அதுதான் சம்பளம். மீதி, அணிக்கு மனம் இருந்தால். ஓகுங் இதைச் சொந்த அனுபவத்தில் பார்த்தவர். 2016இல் ஏஜென்ட் வேண்டாம் என்று தானே உட்கார்ந்து டென்வர் பிராங்கோஸுடன் பேசினார். முதல் ஆண்டுக்குப் பிறகு மேலும் நான்காண்டு தொடரலாமா என்று முடிவெடுக்கும் உரிமை அணியின் கையில் இருந்தது. அணி தொடரவில்லை. "ஏஜென்ட் இல்லாமல் போனதால்தான்" என்று எல்லோரும் தலையில் குட்டினார்கள். அடுத்த ஆண்டே, மறுபடி தானே பேசி, சார்ஜர்ஸ் அணியுடன் நான்காண்டுக்கு 53 மில்லியன், அதில் 25 மில்லியன் உறுதி என்று கையெழுத்துப் போட்டார். ஏஜென்டுக்கு உச்சபட்சக் கமிஷன் 3 சதவீதம் என்று வைத்தால், கிட்டத்தட்ட 16 லட்சம் டாலர் அவர் பையில் நின்றது. இந்த ஊர்க் கடைத்தெருவில் வளர்ந்த என் மாமனாருக்கு ஓகுங்கின் ஆட்டத்தைவிட இந்தக் கணக்கு பிடித்தது.

2020 டிசம்பரில் தன் 13 மில்லியன் சம்பளத்தில் பாதியை பிட்காயினாக மாற்றிக்கொண்டதாக அறிவித்ததும் இவர்தான். அதில் எனக்குக் கருத்து எதுவும் இல்லை.

டிராஃப்ட் எண்ணை ஒரு விதியாக எடுத்துக்கொள்ளாதீர்கள். ஏழு சுற்று நடக்கும். மைக்கேல் ஓன்வேனு டெட்ராய்டில் வளர்ந்த நைஜீரியக் குடும்பத்துப் பிள்ளை, 2020இல் ஆறாவது சுற்றில் 182ஆவது ஆளாகத்தான் நியூ இங்கிலாந்து பேட்ரியாட்ஸ் எடுத்தது. கார்டாகவும் டேக்கிளாகவும் மாறி மாறி ஆடினார், 2024இல் மூன்றாண்டுக்கு 57 மில்லியன் என்று புது ஒப்பந்தம். ஒரே இடத்தில் மட்டும் ஆடுகிறவரைவிட இரண்டு இடத்தில் ஆடத் தெரிந்தவர் நிலைக்கிறார். உயர வரிசையில் பின்னால் இருக்கும் கொஞ்சம் குட்டையான பையன்களுக்கு நான் இவரைத்தான் காட்டுவேன்.

புள்ளிவிவரம் கிடைக்காத ஆட்டக்காரர்

ஓடுகிறவருக்குக் கஜக் கணக்கு உண்டு, எறிகிறவருக்கு பாஸ் கணக்கு. லைன்மேனுக்கு? அதிகாரப்பூர்வமாக இருப்பது எத்தனை ஆட்டம், எத்தனை தொடக்கம், எத்தனை பெனால்டி, அவ்வளவுதான். எத்தனை முறை தன் ஆளைத் தவறவிட்டு குவார்ட்டர்பேக் விழுந்தார் என்பதைச் சில இணையதளங்கள் கணக்கெடுக்கின்றன, ஆனால் யார் தவறு என்று ஆளுக்கு ஆள் வேறு மாதிரி எழுதுவார்கள். அதனால் ஒரு தளத்தின் எண்ணை இன்னொன்றோடு ஒப்பிடாதீர்கள்.

எக்வோனுவையே பாருங்கள். 2022இல் 17 ஆட்டத்திலும் தொடக்க வரிசையில் நின்றார். 2023இல் அவருடைய அணி 2 வெற்றி, 15 தோல்வி. புது குவார்ட்டர்பேக் பிரைஸ் யங் அந்த ஒரு சீசனில் 62 முறை தரையில் வீழ்த்தப்பட்டார். அந்த 62இல் எக்வோனுவின் பங்கு எவ்வளவு என்று வெறும் எண்ணைப் பார்த்துச் சொல்ல முடியாது. பக்கத்து கார்டு மாறிக்கொண்டே இருந்தால் டேக்கிள் யாரை விடுவது, யாரைப் பிடிப்பது என்பதே குழம்பும். குவார்ட்டர்பேக் பந்தை நான்கு வினாடி வைத்திருந்தாலும் திட்டு டேக்கிளுக்குத்தான். எனவே திட்டும் முன் பதிவை ஓட்டிப் பாருங்கள்.

தொடர்ச்சியைப் பார்ப்பது இன்னொரு வழி. கிளீவ்லண்டின் ஜோ தாமஸ் 2007 முதல் 2017 வரை ஒரு ஆட்டத்துண்டுகூட (சென்டர் பந்தைக் கொடுப்பதிலிருந்து ஆட்டம் நிற்கும் வரை ஒரு துண்டு) விடாமல் 10,363 துண்டுகள் ஆடினார், கையின் டிரைசெப்ஸ் கிழிந்த அன்றுதான் நின்றார். அவர் நைஜீரியக் குடும்பத்தவர் இல்லை. ஆனால் லைன்மேனுக்கும் ஒரு எண் உண்டு என்று காட்ட வேறு உதாரணம் கிடைக்காது.

டர்பனில் இதைச் சொல்லும்போதெல்லாம் மாமா கேரி ஆண்டர்சன் பெயரை இழுப்பார். இந்த ஊரில் வளர்ந்து அமெரிக்கா போனவர், உதைப்பவர். 1998 சீசனில் வைக்கிங்ஸ் அணிக்காகக் கம்பங்களுக்கு நடுவே உதைத்த 35 ஃபீல்ட் கோலும் உள்ளே, ஒன்றுகூடத் தவறவில்லை. அப்புறம் அரையிறுதி மாதிரியான ஆட்டத்தில் 38 கஜத்திலிருந்து ஒன்று வெளியே போயிற்று, இன்றுவரை அதைத்தான் பேசுகிறார்கள். அந்த 35 உதைக்கும் முன்னால் குனிந்து நின்று மறித்தவர்கள் பெயர் யாருக்காவது தெரியுமா என்று நான் கேட்டால் மாமா டீ ஆறிவிடும் என்பார்.

காயப் பட்டியலைப் படிக்கும் விதம்

இது என் தொழில், கொஞ்சம் நீளமாகவே சொல்கிறேன்.

ஞாயிறு ஆட்டத்துக்கு முன் புதன், வியாழன், வெள்ளியில் ஒவ்வொரு அணியும் காயப் பட்டியல் வெளியிட வேண்டும். பயிற்சியில் முழுதாகக் கலந்துகொண்டாரா, பாதியா, இல்லையா என்று இருக்கும். லைன்மேன் விஷயத்தில் புதன்கிழமை ஓய்வு கொடுப்பது சாதாரணம், பதற வேண்டாம். வெள்ளிக்கிழமையும் பயிற்சிக்கு வரவில்லை என்றால்தான் கவனிக்க வேண்டும். நீண்ட காயம் என்றால் தனிப் பட்டியலுக்குப் போவார், குறைந்தது நான்கு ஆட்டம் உட்கார வேண்டும்.

எந்த உறுப்பு என்று பாருங்கள். கால் பெருவிரல் என்றால் வெளியாட்கள் சிரிப்பார்கள். 2013இல் ஓகுங்குக்குப் பெருவிரலின் அடிப்பக்க லிகமென்ட் கிழிந்தது, எட்டு ஆட்டம் போயிற்று. மேலே சொன்ன சறுக்கு நடையில் கடைசி உந்துதல் பெருவிரலிலிருந்துதான் வருகிறது. அது போனால் 140 கிலோவை நகர்த்த எதுவும் மிச்சமில்லை. அவர் திரும்பி வந்து, 2014 பிப்ரவரியில் டென்வரை 43–8 என்று வென்ற 48ஆவது சூப்பர் பவுலில் இடது டேக்கிளாக நின்றார். அந்த ஆட்டத்தை எடுத்துப் பாருங்கள், விரலைத் தேடுங்கள்.

முழங்கால் முன்பக்க லிகமென்ட் கிழிந்தால் ஒரு சீசன் போகும் என்று வையுங்கள். செட்ரிக் ஓகுபுஹி டெக்சாஸ்காரர், நைஜீரியப் பெற்றோர். டிராஃப்டுக்கு நான்கு மாதம் முன்பு கல்லூரியின் கடைசி ஆட்டத்தில் அது கிழிந்தும், 2015இல் முதல் சுற்றிலேயே 21ஆவதாக சின்சினாட்டி எடுத்தது. முழங்கால் சிப்பிக்குக் கீழே இருக்கும் தசைநாண் கிழிவது அதைவிட மோசம். கெலெச்சி ஓசெமெலேக்கு 2020இல் ஒரே ஆட்டத்தில் இரண்டு முழங்காலிலும் தசைநாண் கிழிந்தது. ஹூஸ்டனில் பிறந்த இவர் கார்டு; ரேவன்ஸுடன் சூப்பர் பவுல் வென்றவர்; 2016இல் ரெய்டர்ஸ் ஐந்தாண்டுக்கு 58.5 மில்லியன் கொடுத்தபோது கார்டுகளிலேயே அதிகச் சம்பளக்காரர். 2019இல் ஜெட்ஸ் அணியில் இருந்தபோது தோளுக்கு உடனே அறுவை சிகிச்சை வேண்டும் என்றார். அணி ஒப்பவில்லை, அபராதம் போட்டது. அவர் வெளி மருத்துவரிடம் போய்ச் செய்துகொண்டார், அடுத்த நாள் அணி அவரை விடுவித்தது. வலியுள்ளவர் இரண்டாவது மருத்துவரிடம் கேட்பது அவருடைய உரிமை என்பது என் கட்சி. எக்ஸ்ரே என்ன சொன்னாலும் தோள் அவருடையது.

பட்டியலில் வராத நோய்களும் உண்டு. ஓகுங்குக்கு 2019 ஜூனில் நுரையீரலில் ரத்தக்கட்டி. அந்த சீசனின் தொடக்கம் முழுதும் வெளியே. அமோபி ஓகோயே கதை இன்னும் கடுமை. நைஜீரியாவில் பிறந்து, பன்னிரண்டு வயதில் அலபாமா வந்து, பதினாறில் பள்ளியை முடித்து, லூயிவில் பல்கலைக்கழகத்தில் மூன்றரை ஆண்டில் உளவியல் பட்டம் வாங்கியவர். 2007இல் பத்தாவதாக ஹூஸ்டன் டெக்சன்ஸ் எடுத்தபோது வயது 19. முதல் சுற்றில் அவ்வளவு சின்ன வயதில் அதுவரை யாரும் போனதில்லை. இவர் எதிர்ப்பக்க வரிசை, டிஃபன்சிவ் டேக்கிள். 2013இல் மூளை அழற்சி நோய் வந்து கோமாவில் கிடந்தார். பிழைத்து, எடை குறைந்த உடம்பைத் திரும்ப ஏற்றி, மறுபடி ஒரு அணியின் பயிற்சிக்கே வந்துவிட்டார். மருத்துவ ரீதியாகப் பார்த்தால் அதுவே ஒரு சூப்பர் பவுல்.

ஆட்டம் முடிந்த பிறகு எடையைக் குறைப்பதும் இந்த வாழ்க்கையின் பகுதி. ஓகுங் நாற்பது நாள் தண்ணீர் மட்டும் குடித்து உண்ணாநோன்பு இருந்து நிறையக் குறைத்ததாகச் சொன்னார். என் கிளினிக் பக்கம் வரும் யாரும் இதைச் செய்ய வேண்டாம்.

வீட்டையும் சேர்த்துப் படியுங்கள்

ஓகுங், ஓசெமெலே இருவரும் ஹூஸ்டன். எதிர்ப்பக்க வரிசையின் ஓரத்தில் நிற்கும் டிஃபன்சிவ் எண்ட் இம்மானுவேல் ஓக்பா லாகோஸில் பிறந்து ஒன்பது வயதில் அங்கே போனவர். ஏன் ஹூஸ்டன்? 1970களில் நைஜீரியாவில் எண்ணெய்ப் பணம் புரண்டபோது மாணவர்கள் டெக்சாஸ் பல்கலைக்கழகங்களுக்குப் போனார்கள். 80களில் ஊரில் பொருளாதாரம் சரிந்ததும் பலர் அங்கேயே தங்கினார்கள். அவர்களுடைய பிள்ளைகள் வளர்ந்தது பள்ளிக் கால்பந்தின் தலைநகரில். டெக்சாஸில் ஆலன் என்ற ஊரில் ஒரே ஒரு பள்ளிக்கு 2012இல் 60 மில்லியன் டாலரில் மைதானம் கட்டினார்கள், 18,000 பேர் உட்காரலாம். அங்கே ஒரு உயரமான பையன் பள்ளி வராந்தாவில் நடந்தால் பயிற்சியாளர் கண்ணில் படாமல் தப்ப முடியாது.

இதை மறந்துவிட்டு "ஆப்பிரிக்க ரத்தம்" என்று பேசுகிறவர்களை நம்பாதீர்கள். லாரி ஓகுன்ஜோபி பள்ளியில் மூச்சு வாங்கும் பருமனான பையன். எடை குறையட்டும் என்றுதான் நைஜீரியப் பெற்றோர் அவரை ஒரு பயிற்சியாளரிடம் அனுப்பினார்கள். 2017இல் மூன்றாவது சுற்றில் என்எஃப்எல் போனார், சார்லட் பல்கலைக்கழகத்திலிருந்து டிராஃப்ட் ஆன முதல் ஆள்.

எதிர் வீட்டு ஆன்ட்டியிடம் ஒருமுறை, "உங்க தங்கச்சி பசங்க விளையாடறதுக்கு வீட்டுல சம்மதிச்சாங்களா ஆன்ட்டி?" என்று கேட்டேன். "ரிப்போர்ட் கார்டு வந்த பிறகு பேசலாம்னு சொல்லிடுவா" என்றார். எங்கள் வீட்டிலும் அதே பதில்தான் வந்திருக்கும். அதனால் இப்படிப்பட்ட ஒருவரின் வாழ்க்கைக் குறிப்பைப் படிக்கும்போது பட்டம் என்ன, எப்போது முடித்தார் என்று பாருங்கள். உயர்நிலைப் பள்ளி முடிந்து மூன்றாண்டு ஆகாமல் யாரும் டிராஃப்டுக்குப் போக முடியாது என்ற விதியும் அந்த அம்மாக்களுக்குச் சாதகம்.

"என் பையனை அனுப்பலாமா?"

கிளினிக்கில் அடிக்கடி வரும் கேள்வி. பையன் 120 கிலோ, ப்ராப், ரக்பியில் மாகாண அணி கிடைக்கவில்லை, அமெரிக்காவில் வழி உண்டா?

உண்டு, மிகக் குறுகலாக. அமெரிக்காவுக்கு வெளியே இருந்து ஆட்களை எடுத்துப் பயிற்சி கொடுக்கும் திட்டம் ஒன்றை என்எஃப்எல் 2017இல் தொடங்கியது. சிட்னியில் ரக்பி லீக் ஆடிய ஜோர்டன் மைலாட்டா ஒரு அமெரிக்கக் கால்பந்து ஆட்டம்கூட ஆடாமல் 2018இல் 233ஆவதாக எடுக்கப்பட்டு, ஃபிலடெல்பியாவின் இடது டேக்கிளாகி 2025 சூப்பர் பவுலும் வென்றார். நைஜீரியாவிலிருந்து நேராகப் போன சி.ஜே. ஓகோயே 2023 ஆகஸ்டில் தன் வாழ்க்கையின் முதல் ஆட்டத்திலேயே, அது பயிற்சி ஆட்டம்தான், எதிரணி குவார்ட்டர்பேக்கை வீழ்த்தினார். ஆப்பிரிக்காவில் ஆட்களைத் தேடும் முகாம்களுக்கு முன்நிற்பவர் ஓசி உமென்யிரா. நைஜீரியப் பெற்றோருக்கு லண்டனில் பிறந்து, நியூயார்க் ஜயன்ட்ஸுடன் இரண்டு சூப்பர் பவுல் வென்றவர். 2022இல் கானாவில் முகாம் நடந்தது.

மைலாட்டா ஒருவர்தான் கண்ணில் படுகிறார், திரும்பி வந்தவர்கள் படுவதில்லை. எனவே என் நிபந்தனைகள்: மெட்ரிக் (பள்ளி இறுதித் தேர்வு) முடியாமல் இந்தப் பேச்சே வேண்டாம். இருக்கிற எடைக்கு மேல் ஏற்றச் சொல்லி யாராவது பொடி டப்பா நீட்டினால் வாங்காதீர்கள். தலையில் அடிபட்டு மயங்கிய வரலாறு இருந்தால் ரக்பியையே மறுபடி யோசிக்க வேண்டும், இது அதைவிட மோதல் அதிகமான ஆட்டம். பணம் கேட்கிற ஏஜென்டை வாசலோடு அனுப்புங்கள்.

இதெல்லாம் சரி என்றால் பையனைக் கூட்டி வாருங்கள். சுவரைப் பார்த்து நிற்க வைத்து, குதிகால் தரையைவிட்டு எழாமல் முழங்கால் எவ்வளவு தூரம் முன்னால் போய்ச் சுவரைத் தொடுகிறது என்று அளப்பேன். பாதத்துக்கும் சுவருக்கும் நடுவே என் உள்ளங்கை அகலம்கூட வரவில்லை என்றால் மூன்று மாதம் கணுக்கால் பயிற்சி, அப்புறம் மறுபடி அளவு. பழைய ஸ்கேன், எக்ஸ்ரே எது இருந்தாலும் கொண்டுவாருங்கள். சனிக்கிழமை மட்டும் வேண்டாம்.